குலை விழுந்ததும் ஓடத் தொடங்கும் கடிகாரம்

செம்பனைத் தோட்டங்களில் இன்றும் வேலைநாள் பெரட்டில்தான் தொடங்குகிறது. விடியும் முன்பே ஆட்கள் களத்தில் கூட, மண்டோர் பெயர் வாசித்து நிரைகளைப் பிரித்துக் கொடுப்பார். நம் தாத்தா பாட்டி பால்மரம் வெட்டிய காலத்துச் சொல் இது. மரம் மாறியது, சொல் மாறவில்லை.

சிலாங்கூர், தென்னமரம் தோட்டத்தில் 1917இல் வணிக நோக்கில் முதன்முதலாக நடப்பட்ட செம்பனை, இன்று நாட்டில் 50 லட்சம் ஹெக்டருக்கு மேல் நிற்கிறது.

குலை பழுத்துவிட்டதா என்பதை நிறத்தை மட்டும் பார்த்து முடிவு செய்ய முடியாது. மரத்தடியில் உதிர்ந்து கிடக்கும் பழங்களே சாட்சி. குட்டை மரமென்றால் நீண்ட உளி போதும். உயர்ந்த மரத்திற்கு அலுமினியக் கழியின் நுனியில் கட்டிய அரிவாள் வேண்டும். முதலில் குலையைத் தாங்கும் மட்டை, பிறகு காம்பு. ஏறக்குறைய 20 கிலோ எடையுள்ள முட்குலை தலைக்கு மேலிருந்து விழும். நிற்கும் இடம் தவறினால் உயிருக்கே ஆபத்து. பிறகு உதிரிப் பழங்களைக் குனிந்து பொறுக்க வேண்டும். எண்ணெய் அதிகம் உள்ளது அவற்றில்தான். சலிப்பூட்டும் இந்த வேலையைப் பல இடங்களில் பெண்களே செய்கிறார்கள்.

வெட்டிய கணமே ஒரு கடிகாரம் ஓடத் தொடங்குகிறது. அடிபட்ட பழத்திலுள்ள நொதி எண்ணெயைச் சிதைத்து, அமிலத்தைக் கூட்டிவிடும். அதனால் 24 மணி நேரத்திற்குள் குலை ஆலைக்குப் போய் நீராவியில் வேக வேண்டும். அந்தச் சூட்டில்தான் நொதி செயலிழக்கும். உதிர்ப்பதும் பிழிவதும் வடிப்பதும் இயந்திரத்தின் வேலை. ஆனால், ஆலை எவ்வளவு நவீனமாக இருந்தாலும் வெட்டுபவர் கெடுத்த தரத்தை அதனால் மீட்க முடியாது.

மோட்டார் அரிவாள் வந்துவிட்டது. அதையும் ஒருவர்தான் தூக்கிக்கொண்டு நடக்க வேண்டும்.

அந்த ஒருவர் இன்று பெரும்பாலும் இந்தோனேசியாவிலிருந்தோ வங்காளதேசத்திலிருந்தோ வந்தவர். 2020இல் கோவிட் காரணமாக எல்லைகள் மூடப்பட்டபோது, வெட்ட ஆளில்லாமல் பழங்கள் மரத்திலேயே அழுகின. அதே ஆண்டில், கட்டாய உழைப்புக்கான அறிகுறிகள் இருப்பதாகக் கூறி, நம் நாட்டின் இரு பெரிய நிறுவனங்களின் செம்பனை எண்ணெயை அமெரிக்கச் சுங்கத்துறை தடுத்து நிறுத்தியது. கடவுச்சீட்டு யாரிடம் இருக்கிறது, தங்குமிடம் எப்படி இருக்கிறது என்ற கேள்விகள் அதன்பிறகே நிர்வாக மேசைகளில் உரக்க ஒலித்தன. தாமதம்தான்.

20 கிலோ குலையிலிருந்து ஏறக்குறைய 4 கிலோ எண்ணெய் கிடைக்கும். கடையில் 2 ரிங்கிட் 50 சென்னுக்கு விற்கும் ஒரு கிலோ மானிய எண்ணெய்ப் பையில் சொன்னால், நான்கு பை.