வேற்றிடத்து மழையில் ஓடும் ஆறு

ஜூன் மாதம் பொதிகையில் மழை கொட்டிக்கொண்டிருக்கும். அதே நாளில் எழுபது கிலோமீட்டர் கிழக்கே சாத்தான்குளத்தில் வானம் வெளுத்துக் கிடக்கும், புழுதி பறக்கும். இரண்டு ஊரிலும் வீசுவது ஒரே தென்மேற்குக் காற்றுதான். மலையில் ஏறும்போது குளிர்ந்து ஈரத்தைக் கொட்டிவிடும் காற்று, கிழக்குச் சரிவில் இறங்கும்போது அமுக்கத்தால் சூடேறி, கிடைத்த ஈரத்தையும் உறிஞ்சிக்கொள்கிறது. இந்த மழைமறைவு நிலத்தின் நடுவேதான் தாமிரபரணி ஓடுகிறது. வடக்கே கோவில்பட்டி, எட்டயபுரம் பக்கம் கரிசல். தெற்கே குதிரைமொழி, உடன்குடி பக்கம் காற்று குவித்த செம்மணல் தேரி, அதில் பனை.

வறண்ட புல்வெளி நாட்டைக் கடக்கும் நதிகள் உலகில் பல உண்டு. கசகஸ்தானின் சிர் தாரியா தியான்ஷான் மலைப்பனி உருகிய நீரை எடுத்துக்கொண்டு, வழியில் ஏறக்குறைய எதுவும் சேராமலே நெடுந்தூரம் போகிறது. தாமிரபரணி அளவில் மிகச் சிறியது. மொத்தம் ஏறத்தாழ 128 கிலோமீட்டர். ஆனால் இனம் அதே இனம். சேர்வலாறு, மணிமுத்தாறு, கடனாநதி, பச்சையாறு என்று அதைப் பெருக்குகிறவை எல்லாம் மலையில் பிறந்தவை. சீவலப்பேரியில் குற்றாலத்துச் சிற்றாறு வந்து சேர்ந்தபின், கடல்வரை பெயர் சொல்லும்படி ஒரு துணையாறு இல்லை. இரண்டு பருவமழையும் மலையில் பெய்வதாலும், களக்காடு முண்டந்துறைக் காடுகள் நீரைத் தேக்கி மெல்ல விடுவதாலும்தான் கோடையிலும் ஓட்டம் அறுவதில்லை.

ஆனாலும் ஆறு தானாக ஈரமாக்குவது தன் கரையை மட்டுமே. அதை அகலமாக்கியது மனிதர் கை. கோடைமேலழகியான் தொடங்கி ஸ்ரீவைகுண்டம்வரை எட்டு அணைக்கட்டுகள். கடைசியான ஸ்ரீவைகுண்டம் ஒன்றுதான் பத்தொன்பதாம் நூற்றாண்டில் ஆங்கிலேயர் காலத்தில் எழுந்தது. மற்ற ஏழும் அதற்கு முந்தியவை. ஒவ்வொன்றிலிருந்தும் கால்வாய் பிரிகிறது: கன்னடியன் கால், கோடகன் கால், பாளையங்கால், நெல்லைக் கால். இவற்றின் சூட்சுமம் சரிவில் இருக்கிறது. ஆறு இறங்குகிற வேகத்தில் கால்வாய் இறங்காது. மேட்டின் விளிம்பைப் பிடித்துக்கொண்டு மெல்லச் சாயும். அதனால் போகப்போக ஆற்றைவிட்டு விலகி, உயர்ந்தே நிற்கும். இடைப்பட்ட பள்ளம் முழுக்கத் தண்ணீர் தானாகவே பாயும். மிச்ச நீர் குளங்களுக்குப் போகும். நில அளவைக் கருவிகள் வருவதற்கு முன்னே இந்த வாட்டத்தைக் கண்டு வெட்டியவர்களின் கணக்கை நினைத்தால் எனக்கு இன்றும் பிரமிப்புத்தான்.

இதன் பலனைக் கார் சாகுபடியில் பார்க்கலாம். ஜூனில் தொடங்கும் கார் நெல்லுக்கு, அது நிற்கும் வயலில் மழை பெய்ய வேண்டியதே இல்லை. மலையில் பெய்தால் போதும். அடுத்து வரும் பிசானத்துக்குத்தான் வடகிழக்குப் பருவம் நேராகக் கைகொடுக்கிறது. கால்வாயின் மேல்கரையைத் தாண்டி நடந்தால், நெல் நின்ற சில அடிகளிலேயே உடைமரங்கள் தொடங்கிவிடும்.

இந்த நாட்டில் மழையே வராது என்று நினைத்துவிடவும் கூடாது. 2023 டிசம்பரில் காயல்பட்டினத்தில் ஒரே நாளில் ஏறத்தாழ 95 செ.மீ. கொட்டியது, ஸ்ரீவைகுண்டம் வெள்ளத்தில் துண்டிக்கப்பட்டது.

வெள்ளம் வரும்போதெல்லாம் ஆறு வண்டல் கொண்டுவருகிறது. முகத்துவாரத்தில் அது படியப்படிய கரை கிழக்கே நகர்ந்தது. பாண்டியர் துறைமுகமான கொற்கை இன்று கடலிலிருந்து சில கிலோமீட்டர் உள்ளே, வயல்களுக்கு நடுவில் இருக்கிறது. அதன்பின் செழித்த பழையகாயலும் துறைமுகமாக நிலைக்கவில்லை. இப்போது ஆறு கடலில் சேர்வது புன்னைக்காயலில்.