துக்க வீட்டில் கையெழுத்து கேட்காதீர்கள்

முப்பது வயதுகூட ஆகாத பெண். கணவர் விபத்தில் இறந்துவிட்டார். காரியம் முடிந்த மறுவாரமே புகுந்த வீட்டார் அவளைச் சார்பதிவாளர் அலுவலகத்துக்கு அழைத்துப் போகிறார்கள். "ஒரு கையெழுத்துதாம்மா, மத்ததெல்லாம் நாங்க பாத்துக்கிறோம்" என்கிறார் கணவரின் அண்ணன். சோறு தூக்கமின்றிக் கிடந்தவள் படித்துப் பார்க்காமலே போட்டுவிடுகிறாள். அது விடுதலைப் பத்திரம். கணவர் சொத்தில் தனக்குரிய பங்கை விட்டுக்கொடுத்தது பிறகுதான் தெரிகிறது.

இழப்பில் நொறுங்கிய நேரம் சொத்து பேசும் நேரமல்ல. சட்டமும் இதை உணர்ந்தே இருக்கிறது.

என்ன உரிமை?

உயில் எழுதாமல் இறந்த இந்துக் கணவரின் சொத்தில் மனைவிக்கும் ஒவ்வொரு பிள்ளைக்கும் கணவரின் தாய்க்கும் சம பங்கு உண்டு. 1956ஆம் ஆண்டு இந்து வாரிசுரிமைச் சட்டம் சொல்வது இது. குழந்தை இல்லாவிட்டாலும், பின்னால் மறுமணம் செய்துகொண்டாலும் மனைவியின் பங்கு போகாது. இஸ்லாமிய, கிறிஸ்தவ மனைவியருக்கும் பங்கு உண்டு; அளவுதான் வேறுபடும். கல்யாணத்தில் அவளுக்குப் போட்ட நகை அவளுடையதே. கணவரோடு வாழ்ந்த வீட்டிலிருந்து அவளை இஷ்டத்துக்கு வெளியேற்ற முடியாது. 2005ஆம் ஆண்டு குடும்ப வன்முறைத் தடுப்புச் சட்டம் தரும் இந்தப் பாதுகாப்பு கணவரை இழந்தவருக்கும் உண்டென 2022இல் உச்ச நீதிமன்றம் உறுதிசெய்தது.

கையெழுத்துப் போட்டாகிவிட்டதா?

மன வேதனையால் நிதானமிழந்தவரை வசப்படுத்திப் பெற்ற சம்மதத்தை 1872ஆம் ஆண்டு ஒப்பந்தச் சட்டம் முறையான சம்மதமாக ஏற்பதில்லை. பத்திரத்தை ரத்துசெய்யக் கோரி உரிமையியல் நீதிமன்றத்தில் வழக்குப் போடலாம். விவரம் தெரியவந்த நாளிலிருந்து 3 ஆண்டுகள்தான் அவகாசம். பெண்களுக்கு வருமான வரம்பின்றி இலவச வழக்கறிஞர் உதவி உண்டு. மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழுவை அணுகலாம், 15100 எண்ணிலும் பேசலாம்.

உடனே செய்ய வேண்டியவை

இறப்புச் சான்றிதழ் வாங்குங்கள். இ-சேவை மையத்தில் வாரிசுச் சான்றிதழுக்கு விண்ணப்பியுங்கள். ஆதார், வங்கிப் புத்தகம், அசல் பத்திரங்களை யாரிடமும் கொடுக்காதீர்கள். மிரட்டலோ அடியோ இருந்தால் 181ஐ அழையுங்கள்.

மனதையும் கவனியுங்கள். அழுவது நோயல்ல, அதற்குக் கெடுவும் கிடையாது. ஆனால் மாதங்கள் கடந்தும் அன்றாட வேலைக்கே எழ முடியவில்லை என்றால் மனநல மருத்துவரைப் பாருங்கள். செத்துவிடலாம் என்ற எண்ணம் வந்தால் அந்த நொடியே 14416ஐ அழையுங்கள். 24 மணி நேரமும் தமிழில் பேசுவார்கள்.

உறவினர்களே, அவளுக்கு ஆறுதல் சொல்லப் போகிறவர்கள் சான்றிதழ் வாங்கவும் கூடப் போங்கள். யாராவது பத்திரத்தை நீட்டினால், "வக்கீல் பார்க்கட்டும், அப்புறம் பேசலாம்" என்று அவளுக்காக நீங்கள் சொல்லுங்கள்.