மணலி உரமும் டெல்டா வயலும்

தமிழ்நாட்டு நெல் வயலுக்கும் வடசென்னைக்கும் உள்ள உறவு வெளியில் அதிகம் பேசப்படுவதில்லை. விளைச்சல் என்றால் காவிரி, மேட்டூர், ஆடுதுறை என்றுதான் பேச்சு போகும். வயலில் விழும் யூரியாவிலும் கலப்பு உரத்திலும் கணிசமான பங்கு சென்னைத் துறைமுகத்துக்கு வடக்கே, மணலியிலும் எண்ணூரிலும் தயாராகிறது. மணலியில் மெட்ராஸ் ஃபெர்டிலைசர்ஸ் நிறுவனம்; எண்ணூரில் பாரி நிறுவனம் தொடங்கி, 2003இல் கோரமண்டல் நிறுவனத்தோடு இணைந்த உர ஆலை. ஏழை நாடுகளின் விவசாயத்தை எப்படி உயர்த்துவது என்ற கேள்விக்கு 1960களில் கண்ட விடைகளில் இந்த ஆலைகளும் அடங்கும். வயிற்றுக்குச் சோறு போட்ட விடை அது. அதற்கான செலவு முழுவதும் கணக்கில் ஏறவில்லை என்பதும் உண்மை.

1966இல் இந்தியா ஏறக்குறைய ஒரு கோடி டன் தானியத்தை வெளிநாட்டிலிருந்து இறக்கியது. பி.எல். 480 என்ற அமெரிக்கச் சட்டத்தின் கீழ் வந்த கோதுமைதான் அதில் பெரும்பங்கு. தமிழ்நாட்டில் 1967 தேர்தலே அரிசியை வைத்து நடந்தது. அந்த ஆண்டு மே மாதத்தில் சென்னையிலும் கோவையிலும் ரூபாய்க்கு ஒரு படி அரிசித் திட்டம் தொடங்கியது. அன்று நாட்டின் சராசரி நெல் விளைச்சல், அரிசிக் கணக்கில், எக்டேருக்கு ஒரு டன்னை ஒட்டியே இருந்தது. 1966இல் மத்திய உணவு அமைச்சராக இருந்த சி. சுப்பிரமணியமும் அவருக்குத் துணைநின்ற எம்.எஸ். சுவாமிநாதன் போன்ற விஞ்ஞானிகளும் நிலப்பரப்பைக் கூட்டுவதை நம்பாமல், இருக்கிற நிலத்தில் கூடுதலாக எடுப்பதை நம்பினார்கள்.

அதற்குத் தடையாக இருந்தது நெற்பயிரின் உயரம். பழைய ரகங்களுக்குத் தழைச்சத்தைக் கூட்டிக் கொடுத்தால் பயிர் நெடுநெடுவென்று வளரும், கதிர் பிடித்ததும் பாரம் தாங்காமல் சாய்ந்துவிடும். சாய்ந்த பயிரில் உரம் போட்டதும் வீண், அறுப்புக் கூலியும் அதிகம். குட்டையான, தண்டு உறுதியான ரகங்கள் இந்தக் கட்டை உடைத்தன. 1966இல் பிலிப்பைன்ஸிலிருந்து ஐ.ஆர். 8 வந்தது. அதற்குச் சற்று முன்பே ஜப்பானிய நெல்லையும் நம் நெல்லையும் ஒட்டிப் பிறந்த ஆடுதுறை 27 தஞ்சைக் குறுவையில் பரவத் தொடங்கியிருந்தது. நாட்டிலேயே தீவிர வேளாண்மைத் திட்டத்துக்கு முதலில் தேர்ந்தெடுக்கப்பட்ட சில மாவட்டங்களில் தஞ்சாவூரும் ஒன்று. விதை, உரம், கடன், ஆலோசனை எல்லாவற்றையும் ஒன்றாகக் கொடுப்பது அந்தத் திட்டத்தின் வழி. புதிய ரகங்கள் உரத்தை விளைச்சலாக மாற்றக் கற்றிருந்தன. அந்த உரம் எங்கிருந்து வருவது என்பதுதான் அடுத்த கேள்வி.

மெட்ராஸ் ஃபெர்டிலைசர்ஸ் 1966 டிசம்பரில் மத்திய அரசும் அமெரிக்காவின் அமோகோ நிறுவனமும் சேர்ந்து தொடங்கியது. பின்னர் ஈரானின் தேசிய எண்ணெய் நிறுவனமும் பங்கு சேர்ந்தது. 1971 நவம்பரில் உற்பத்தி ஆரம்பமானது. இடத்தேர்வு தற்செயலானதல்ல. பக்கத்திலேயே 1969 முதல் இயங்கிவந்த மெட்ராஸ் சுத்திகரிப்பு ஆலையிலிருந்து நாஃப்தா கிடைக்கும்; துறைமுகமும் ரயில் பாதையும் அருகில்.

காற்றில் ஐந்தில் நான்கு பங்கு நைட்ரஜன்தான். ஆனால் பயிரால் அதை அப்படியே எடுத்துக்கொள்ள முடியாது. ஹைட்ரஜனோடு அதைக் கடும் அழுத்தத்திலும் வெப்பத்திலும் இரும்பு வினையூக்கியின் மேல் செலுத்தி அம்மோனியா ஆக்கும் முறையை ஜெர்மனியில் ஹேபரும் போஷும் உருவாக்கினார்கள். ஹைட்ரஜனுக்கு நாஃப்தா அல்லது இயற்கை எரிவாயு வேண்டும். அம்மோனியாவைக் கரியமில வாயுவோடு சேர்த்தால் யூரியா. உருகிய யூரியாவை உயரமான கோபுரத்தின் உச்சியிலிருந்து பொழியவிட்டால், கீழிருந்து ஏறும் காற்றில் குளிர்ந்து, தரையைத் தொடும்போது வெள்ளைக் குருணையாகிவிடும். மணலியிலிருந்து இது 'விஜய்' என்ற பெயரில் மூட்டையாகிறது. ஆண்டுக்கு ஏறத்தாழ 4.87 லட்சம் டன் யூரியா தயாரிக்கும் திறன் இந்த ஆலைக்கு உண்டு. 2019இல் எண்ணூர் காமராசர் துறைமுகத்தில் இந்தியன் ஆயிலின் திரவ எரிவாயு முனையம் திறக்கப்பட்டது. அதே ஆண்டில் ஆலை நாஃப்தாவைக் கைவிட்டு எரிவாயுவுக்கு மாறியது. செலவும் புகையும் குறைந்தன. அதோடு, தமிழ்நாட்டு விவசாயி போடும் யூரியாவின் அடக்கவிலை கப்பலில் வரும் எரிவாயுவின் உலக விலையோடு இறுகக் கட்டப்பட்டது.

எண்ணூர் ஆலை யூரியா செய்வதில்லை. அங்கே தழைச்சத்தும் மணிச்சத்தும் கலந்த உரம் தயாராகிறது. மணிச்சத்துக்கான பாறையும் அமிலமும் பெரும்பாலும் மொராக்கோ, ஜோர்டான் போன்ற நாடுகளிலிருந்து வருகின்றன. அம்மோனியாவும் கப்பலில் வந்து, கடலடிக் குழாய் வழியாகக் கரையேறுகிறது.

பலன் கண்கூடு. நாட்டின் உணவு தானிய உற்பத்தி 1960-61இல் 8 கோடி டன்னைச் சற்றே தாண்டியிருந்தது; 2022-23இல் 33 கோடி டன்னை நெருங்கியது. நெல் விளைச்சல் எக்டேருக்கு 1 டன்னிலிருந்து 2.8 டன் ஆனது. இதே காலத்தில் உரப் பயன்பாடு 3 லட்சம் டன்னுக்கும் குறைவாக இருந்த நிலையிலிருந்து 300 லட்சம் டன் அளவுக்கு ஏறியது. பாசனமும் விதையும் இல்லாமல் உரம் மட்டும் இதைச் செய்திருக்காது. உரம் இல்லாமல் அவையும் செய்திருக்க முடியாது.

விளைந்தது யார் வீட்டுக்குப் போனது என்பது வேறு கணக்கு. முன்மாதிரி மாவட்டமான தஞ்சையிலேயே, புதிய ரகங்கள் பரவிய அதே ஆண்டுகளில், அறுவடைக் கூலியில் அரைப்படி நெல்லைக் கூட்டிக் கேட்ட போராட்டம் கீழவெண்மணியில் 1968 டிசம்பர் 25 அன்று 44 பேர் உயிரோடு எரிக்கப்பட்டதில் முடிந்தது. இறந்தவர்கள் தலித் விவசாயத் தொழிலாளர் குடும்பங்களைச் சேர்ந்தவர்கள்; பெரும்பாலும் பெண்கள், குழந்தைகள். அடுத்த ஆண்டில் விவசாயத் தொழிலாளர் நியாயக் கூலிச் சட்டம் வந்தது. மகசூல் உயர்ந்தால் கிராமத்தின் வாழ்வு தானாக உயரும் என்ற எண்ணத்துக்கு இதைவிடக் கொடிய மறுப்பு இருக்க முடியாது. கூலி, குத்தகை, நில உரிமை ஆகியவற்றைத் தொடாத எந்த வேளாண் திட்டமும் பாதித் திட்டம்தான்.

இன்னொரு பகுதிச் செலவு ஆலை இருக்கும் இடத்திலேயே விழுந்தது. உர ஆலைக்கும் சுத்திகரிப்பு ஆலைக்கும் நாள்தோறும் ஏராளமான தண்ணீர் வேண்டும். ஆரணியாறு, கொசஸ்தலை ஆற்றுப் படுகைகளில் நல்ல நிலத்தடி நீர் இருப்பதை 1960களின் பிற்பகுதியில் ஐ.நா. வளர்ச்சித் திட்ட உதவியோடு நடந்த ஆய்வுகள் காட்டின. மீஞ்சூர், பஞ்செட்டி, தாமரைப்பாக்கம் ஆகிய இடங்களில் ஆழ்குழாய்க் கிணறுகள் இறங்கின. நகரமும் தொழிற்சாலைகளும் எடுத்தன, விவசாயிகளும் தங்கள் பம்புகளில் எடுத்தார்கள். கடலோர நிலத்தடியில் நன்னீர் மட்டம் இறங்கினால் அந்த இடத்துக்கு உப்புநீர் வந்துவிடும். மீஞ்சூர் பக்கம் அது பல கிலோமீட்டர் உள்ளே வந்தது. கிணற்று நீரை நம்பி மூன்று போகம் எடுத்த வயல்கள் உவராகின. 1987இல் சென்னைப் பெருநகர்ப் பகுதிக்கு நிலத்தடி நீர் ஒழுங்குமுறைச் சட்டம் இயற்றப்பட்டபோது பாதிப்பு ஏற்கெனவே ஆழமாகியிருந்தது. தொலைவில் உள்ள வயலைச் செழிக்கவைத்த உரத் தொழிலின் தாகத்துக்கு, அருகில் இருந்த வயலும் ஒரு பங்கு கொடுத்திருக்கிறது.

இதற்கு ஓரளவு மாற்று கிடைத்தது கொடுங்கையூரில். அங்கே சுத்திகரிக்கப்படும் கழிவுநீரை வாங்கி, மேலும் சுத்தப்படுத்திப் பயன்படுத்தும் ஏற்பாட்டுக்கு மணலி ஆலைகள் 1990களின் தொடக்கத்திலேயே வந்தன. 2019இல் சென்னைக் குடிநீர் வாரியமே நாளொன்றுக்கு 4.5 கோடி லிட்டர் தரும் மூன்றாம் நிலைச் சுத்திகரிப்பு நிலையத்தை அங்கே திறந்தது. நகரத்தின் சாக்கடை நீர் உர ஆலையைக் குளிர்விப்பதும், அந்த அளவுக்கு நன்னீர் மிச்சமாவதும் வடசென்னை நாட்டுக்குக் காட்டிய நல்ல வழி.

எண்ணூரில் நேர்ந்தது வேறு. 2023 டிசம்பர் 26 நள்ளிரவை ஒட்டி, கரையோரக் கடலடிக் குழாயிலிருந்து அம்மோனியா கசிந்தது. பெரியகுப்பம், சின்னகுப்பம் மக்கள் கண்ணெரிச்சலோடும் மூச்சுத்திணறலோடும் குழந்தைகளைத் தூக்கிக்கொண்டு ஓடினார்கள். பலர் மருத்துவமனையில் சேர்க்கப்பட்டார்கள். அம்மோனியா ஈரத்தைத் தேடிப் பிடிக்கும் வாயு. கண்ணும் தொண்டையும் முதலில் எரிவது அதனால்தான். அந்த மாதத் தொடக்கத்தில் அடித்த மிக்ஜாம் புயல் மணலி சுத்திகரிப்பு ஆலையின் எண்ணெயை எண்ணூர்க் கழிமுகத்தில் பரப்பி, மீனவர்களின் வலையையும் படகையும் கருப்பாக்கியிருந்தது. அதிலிருந்து மீளுமுன் இது. குப்பத்து மக்கள் வாரக்கணக்கில் பந்தலில் உட்கார்ந்து, ஆலையை நிரந்தரமாக மூடக் கேட்டார்கள். தேசியப் பசுமைத் தீர்ப்பாயம் தானாகவே வழக்கை எடுத்தது. புயலில் குழாயைச் சுற்றியிருந்த பாறைகள் நகர்ந்து சேதம் ஏற்பட்டிருக்கலாம் என்று ஆய்வுக்குழு சொன்னது. சுற்றுச்சூழல் இழப்பீடாக 5.92 கோடி ரூபாய் கணக்கிடப்பட்டது. பாதுகாப்பு நிபந்தனைகளோடு 2024இல் ஆலை மீண்டும் இயங்கியது. நெல் விவசாயியின் வாழ்வாதாரத்துக்கான உரம் மீனவரின் வாழ்வாதாரத்தின் வாசலில் தயாராகிறது. கசிவைக் காட்டும் கருவியும் எச்சரிக்கை ஒலியும் ஆலை மதிலுக்குள் மட்டும் இருந்தால் போதாது, குப்பத்துத் தெருவிலும் வேண்டும் என்று அங்குள்ளவர்கள் கேட்பது முழுக்க நியாயமானது.

இவ்வளவு செலவில் உருவாகும் யூரியா வயலில் என்ன ஆகிறது? நெல்லுக்குப் பொதுவாகப் பரிந்துரைக்கப்படும் எக்டேருக்கு 150 கிலோ தழைச்சத்தை யூரியாவாகவே கொடுத்தால், ஏக்கருக்கு மூன்று மூட்டை வரும். நீர் கட்டிய நெல் வயலில் போட்ட தழைச்சத்தில் 30 முதல் 40 விழுக்காடே பயிருக்குள் சேர்கிறது. மற்றதில் பெரும்பகுதி அம்மோனியாவாகக் காற்றில் போகிறது, நைட்ரேட்டாக நிலத்தடி நீரில் இறங்குகிறது, ஒரு சிறு பங்கு புவியைச் சூடாக்கும் நைட்ரஸ் ஆக்சைடாக மாறுகிறது. தழை மிஞ்சிய பயிரில் புகையானும் குலைநோயும் எளிதில் ஏறும். அதற்கு மருந்துச் செலவு தனி. ஏழை விவசாயிக்கு இது இரட்டை நட்டம்.

அதைக் குறைக்க மிக மலிவான கருவி ஒன்று உண்டு: இலை வண்ண அட்டை. வெளிர்பச்சையிலிருந்து கரும்பச்சை வரை பட்டைகள் கொண்ட பிளாஸ்டிக் துண்டு. நட்ட 14ஆம் நாளிலிருந்து வாரம் ஒருமுறை, காலை வேளையில், வயலில் அங்கங்கே பத்துக் குத்துகளைத் தேர்ந்து, ஒவ்வொன்றிலும் முழுதாக விரிந்த மேல் இலையை அட்டையோடு ஒப்பிட வேண்டும். இலை மேல் வெயில் விழாமல் முதுகைக் காட்டி நின்று பார்ப்பது முக்கியம். வெயிலில் பச்சை வெளுத்துத் தெரியும். வெள்ளைப் பொன்னிக்கு மூன்றாம் எண், மற்ற ரகங்களுக்கு நான்காம் எண். பத்தில் ஆறு இலைகள் அந்த எண்ணுக்குக் கீழே இருந்தால் மேலுரம் போடலாம், இல்லையென்றால் அடுத்த வாரம் பார்க்கலாம். தேதி பார்த்து உரம் இடும் பழக்கத்தைப் பயிரைப் பார்த்து இடும் பழக்கமாக மாற்றுவது இதன் பயன். தமிழ்நாடு வேளாண்மைப் பல்கலைக்கழகம் நெடுநாளாக இதைச் சொல்லிவருகிறது. ஆனாலும் எல்லா வயலையும் இது எட்டவில்லை, காரணம் விலையில் இருக்கிறது.

45 கிலோ யூரியா மூட்டை விவசாயிக்கு 270 ரூபாய்க்குள் கிடைக்கிறது. மணிச்சத்து உரமான டி.ஏ.பி. 50 கிலோ 1,350 ரூபாய். 2010இல் மணிச்சத்து, சாம்பல்சத்து உரங்களின் விலைக்கட்டுப்பாடு தளர்ந்தபோதும் யூரியா மட்டும் தனியே வைக்கப்பட்டது. எது மலிவோ அது அதிகம் விழும். தழை, மணி, சாம்பல் சத்துகள் 4:2:1 என்ற அளவில் இருப்பது நல்லது என்று கருதப்படுகிறது. 2023-24இல் நாட்டில் அது ஏறக்குறைய 11:4:1 ஆக இருந்தது. உர மானியத்துக்கு 2022-23இல் மட்டும் மத்திய அரசு செலவிட்டது ஏறத்தாழ 2.5 லட்சம் கோடி ரூபாய். 2015 முதல் எல்லா யூரியாவுக்கும் வேப்பெண்ணெய்ப் பூச்சு கட்டாயமானது. அது சத்து வெளியேறுவதை மெதுவாக்கும், வேறு தொழில்களுக்குக் கடத்துவதையும் தடுக்கும். விலையின் கோணலை அது நிமிர்த்தாது.

உரத்தை ஒரேயடியாக நிறுத்துவதும் விடையல்ல என்பதை இலங்கை அனுபவித்துக் காட்டியது. 2021இல் ரசாயன உர இறக்குமதிக்குத் தடை வந்தது. சில மாதங்களில், நவம்பரில், விலக்கப்பட்டது. அதற்குள் பெரும்போக நெல் விளைச்சல் சரிந்து, தன்னிறைவு கண்டிருந்த நாடு அரிசியை வெளியிலிருந்து வாங்க நேர்ந்தது. ஆப்பிரிக்காவின் நிலை நேர்மாறு. எக்டேருக்கு 50 கிலோ சத்தாவது போடும் நிலைக்கு வர வேண்டும் என்று 2006இல் அபுஜாவில் அந்தக் கண்டத்து நாடுகளின் தலைவர்கள் தீர்மானித்தார்கள். சகாராவுக்குத் தெற்கே பல நாடுகள் இன்னும் அதில் பாதியைக்கூட எட்டவில்லை. மலாவியின் மக்காச்சோள விவசாயிக்குத் தேவைப்படுவது இன்னும் ஒரு மூட்டை, தஞ்சை விவசாயிக்கு ஒரு மூட்டை குறைவு.

அந்த ஒரு மூட்டையைக் குறைக்கப் பசுந்தாள் உரம் உதவும். தக்கைப்பூண்டை விதைத்து, பூக்கும் தறுவாயில், சுமார் 45 நாளில் மடக்கி உழுதால், எக்டேருக்கு 60 கிலோவுக்குக் குறையாத தழைச்சத்து மண்ணில் சேரும். தமிழ்நாடு அரசு 2024இல் தொடங்கிய 'மண்ணுயிர் காத்து மன்னுயிர் காப்போம்' திட்டத்தில் பசுந்தாள் உர விதை மானியத்தில் கிடைக்கிறது. மணலி ஆலையே அசோஸ்பைரில்லம் போன்ற உயிர் உரங்களையும் செய்கிறது. சிக்கல் தண்ணீரும் நாளும்தான். மேட்டூர் ஜூன் 12இல் திறந்தால் குறுவைக்கு ஓடவேண்டும். அதற்கு முன் 45 நாள் தக்கைப்பூண்டு வளர்க்க ஆழ்குழாய்க் கிணறு உள்ளவரால் முடியும். கடைமடையில் ஆற்றுநீரை மட்டும் நம்பும் குத்தகைதாரரால் முடியாது. அவருக்குக் கைக்கு எட்டுவது கூட்டுறவுச் சங்கத்தில் விரல்ரேகை வைத்து வாங்கும் யூரியா மூட்டைதான். கோடை நீரோ, மண் பரிசோதனை முடிவோ, அட்டையோடு வயலுக்கு வரும் உதவி வேளாண் அலுவலரோ அவருக்குக் கிடைக்கும்வரை அதன் எண்ணிக்கை குறையப்போவதில்லை.