பட்டா நிலத்தின் மேல் மின்பாதை

மின்கம்பி போவதற்காக மின்வாரியம் நிலத்தை விலைக்கு வாங்குவதில்லை. பட்டா உரிமையாளர் பெயரிலேயே இருக்கும். வரியும் அவரே கட்டுவார். கம்பம் நடவும், கம்பி இழுக்கவும், இடைஞ்சலான மரத்தை வெட்டவும் உள்ள உரிமை மட்டும் வாரியத்துக்குப் போகிறது. தந்திக் கம்பிகளுக்காக 1885-இல் இயற்றப்பட்ட இந்தியத் தந்திச் சட்டத்தில் தொடங்கிய ஏற்பாடு இது. அதே அதிகாரத்தை அரசு மின்பாதைகளுக்கும் வழங்கலாம் என்கிறது 2003-ஆம் ஆண்டு மின்சாரச் சட்டத்தின் 164-ஆம் பிரிவு.

கொச்சியின் மட்டாஞ்சேரி போன்ற இடங்களில் தகராறு பெரும்பாலும் சிறிய கம்பியைப் பற்றியது. வீடுகள் நெருக்கியடித்து நிற்கும் பழைய துறைமுகப் பகுதி அது. பின்மனைக்காரருக்கு இணைப்பு வேண்டும். கம்பி முன்மனையைத் தாண்டித்தான் வந்தாக வேண்டும். நாளைக்கு மாடி எடுக்க முடியாமல் போகும் என்று முன்மனைக்காரர் மறுக்கிறார். இரண்டு பேர் கவலையும் நியாயமானதே. உரிமையாளர் சம்மதிக்காவிட்டால் மாவட்ட மாஜிஸ்திரேட்டின் அனுமதி பெற வேண்டும் என்கின்றன மின்சாரச் சட்டத்தின் கீழ் வந்த 2006-ஆம் ஆண்டு விதிகள். கேரளத்தில் இந்த மனுக்களைக் கூடுதல் மாவட்ட மாஜிஸ்திரேட், அதாவது ஏ.டி.எம்., விசாரிக்கிறார். எர்ணாகுளம் மாவட்டத்துக்கு அவர் அலுவலகம் காக்கநாட்டில். கம்பியை எல்லைச் சுவர் ஓரமாக இழுக்கலாமா, சந்து வழியே புதைவடமாகக் கொண்டு போகலாமா, கூடுதல் செலவு யாருடையது என்பவைதான் அங்கே அலசப்படும்.

உயர் அழுத்தப் பாதை என்றால் உரிமையாளரின் பிடி இன்னும் தளர்ந்துவிடுகிறது. தந்திச் சட்ட அதிகாரம் பெற்ற நிறுவனத்துக்கு உரிமையாளரின் முன்சம்மதம் தேவையில்லை என்று, பவர் கிரிட் – செஞ்சுரி டெக்ஸ்டைல்ஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் 2016 டிசம்பரில் தீர்ப்பளித்தது. எர்ணாகுளம் மாவட்டம் வடக்கு பரவூர் அருகே உள்ள சாந்திவனம் இதற்குக் கண்கூடான உதாரணம். சுமார் 2 ஏக்கர் தனியார் நிலம். பாம்புக்காவும் குளமும் பழைய மரங்களுமாகக் காப்பாற்றி வைத்த சிறு காடு. மன்னம் – செராய் 110 கிலோவோல்ட் பாதையை அதன் வழியே வாரியம் கொண்டுபோனது. உரிமையாளர் உயர் நீதிமன்றம் போனார், பலன் இல்லை. 2019-இல் சூழலியல் ஆர்வலர்கள் திரண்டு போராடியும் மரங்கள் வெட்டப்பட்டன, கோபுரம் எழுந்தது. இப்படிப்பட்ட ஒரு காட்டுக்குச் சட்டத்தில் தனி மதிப்பு இல்லாதது பெரிய குறை.

பாதை போனபின் மிஞ்சுவது இழப்பீடு. தொகை போதாது என்றால் தந்திச் சட்டத்தின் 16-ஆம் பிரிவின்படி மாவட்ட நீதிபதியிடம் மனுச் செய்யலாம். மரத்தின் விளைச்சலை மட்டும் கணக்கிட்டால் நிலம் இழந்த மதிப்பு விடுபட்டுவிடும். கேரள மின்வாரியம் – லிவிஷா வழக்கில் 2007-இல் உச்ச நீதிமன்றம், எல்லா நிலத்துக்கும் ஒரே சூத்திரம் பொருந்தாது என்றது. நிலம் எங்கே இருக்கிறது, எவ்வளவு பரப்பு, கம்பி ஓரமாகப் போகிறதா நடுவே பிளக்கிறதா என்று பார்த்துத்தான் தொகை முடிவாக வேண்டும்.

கேரளத்துக்கு இந்தத் தீர்ப்பு எவ்வளவு முக்கியம் என்பது கணக்குப் போட்டால் தெரியும். 110 கிலோவோல்ட் பாதைக்கு ஒதுக்கும் அகலம் 22 மீட்டர். 3 சென்ட் மனை சதுரமாக இருந்தால் பக்கத்துக்கு 11 மீட்டர்தான். மனை முழுவதும் கம்பிக்கு அடியில் போய்விடும். மத்திய மின்துறை 2015-இல் கோபுரத்தடி நிலத்துக்கு மதிப்பில் 85 சதவீதமும், கம்பிக்கு அடியிலுள்ள நிலத்துக்கு அதிகபட்சம் 15 சதவீதமும் பரிந்துரைத்தது. 2024-இல் இவை 200, 30 சதவீதமாக உயர்ந்தன. வீடு கட்டவே முடியாமல் போனவருக்கு 30 சதவீதமும் போதாது.

புதைவடம் ஒரு வழி. 2021-இல் தொடங்கிவைக்கப்பட்ட புகளூர் – திருச்சூர் மின்பாதை, கேரளத்துக்குள் ஒரு பகுதியில் மண்ணுக்கடியில் போகிறது. கொங்கு விவசாயிகள் தங்கள் வயல்களுக்கும் அதைத்தான் கேட்டார்கள். செலவு கூடும் என்பதே அதற்குத் தடை.

பிறகு வீடு கட்ட நினைத்தால், கம்பியை மாற்றச் சொல்லித் தந்திச் சட்டத்தின் 17-ஆம் பிரிவின்படி கேட்கலாம். முன்பே இழப்பீடு வாங்கியவர், மாற்றும் செலவு அல்லது வாங்கிய தொகையில் பாதி, இவற்றில் எது குறைவோ அதைக் கட்ட வேண்டும். ஆனால் பாதையையே தடுக்க நினைப்பவர், அளவெடுக்க ஆள் வந்த அன்றே மாற்று வழியை வரைபடமாக இணைத்து எழுத்தில் ஆட்சேபம் கொடுத்துவிட வேண்டும். கம்பம் நட்டபின் அந்த வாய்ப்பு பெரும்பாலும் கிடைக்காது.