மலையே மூலவர்

திருவண்ணாமலைக்குப் பேருந்தில் வருகிறவருக்கு முதலில் தெரிவது மலை. செங்கம் சாலையில் வந்தாலும் விழுப்புரம், வேலூர் பக்கமிருந்து வந்தாலும் ஊர் எல்லைக்கு வெகு தூரம் முன்பே அது கண்ணில் பட்டுவிடும். கோபுரம் தெரிய இன்னும் நேரமாகும். கிழக்கு ராஜகோபுரம் சின்னக் கோபுரம் ஒன்றுமில்லை. பதினொரு நிலை, 217 அடி. கிருஷ்ணதேவராயர் தொடங்கி வைத்தது. தஞ்சை நாயக்கர் செவ்வப்பர் காலத்தில் முடிந்தது. தமிழ்நாட்டின் மிக உயரமான கோபுரங்களில் அதுவும் ஒன்று. ஆனால் அதன் பின்னால் நிற்கும் மலை கடல் மட்டத்திலிருந்து 2,668 அடி. அப்படி ஆறு கோபுரங்களை ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கினாலும் உச்சியைத் தொட முடியாது. கட்டியவர்களுக்கும் இது தெரியாமல் இருந்திருக்காது. இந்த ஊரில் மூலவர் மலைதான். கருவறை முதல் கடைவீதி வரை மற்றதெல்லாம் அந்த மூலவருக்கு எழுந்த பிராகாரங்கள். பக்திப் பேச்சாக இதைச் சொல்லவில்லை. ஊரின் அமைப்பும் கோயிலின் நடைமுறையும் காட்டும் சாட்சி இது. அதை ஒப்புக்கொண்டால், இந்த ஊரில் எதைக் காப்பாற்ற வேண்டும், யார் காப்பாற்ற வேண்டும் என்ற கேள்விகளுக்கும் இப்போது சொல்லப்படும் பதில்கள் போதாது.

முதல் சாட்சி அண்ணாமலையாரே. ஆண்டுக்கு இரண்டு முறை, கார்த்திகை தீபம் முடிந்த பிறகும் தை மாதம் திருவூடலை ஒட்டியும், உற்சவர் கோயிலை விட்டுக் கிளம்பிப் பதினான்கு கிலோமீட்டர் மலையை வலம் வருகிறார். பக்தர் சுவாமியை வலம் வருவது எந்த ஊரிலும் உண்டு; சுவாமியே ஒன்றை வலம் வருகிறார் என்றால், வலம் வரப்படுவதே பெரிது என்று அந்தக் கோயிலே ஒப்புக்கொள்கிறது என்று பொருள். கோயிலின் நாட்காட்டியைப் புரட்டினாலும் பல நிகழ்ச்சிகள் மதிலுக்கு வெளியேதான். தை மாதம் மணலூர்ப்பேட்டையில் தென்பெண்ணையாற்றுத் தீர்த்தவாரி. மாசி மகத்தன்று பள்ளிகொண்டாப்பட்டில் வல்லாள மகாராஜாவுக்குத் திதி. பதினான்காம் நூற்றாண்டில் திருவண்ணாமலையைத் தலைநகராக வைத்து ஆண்டு, மதுரை சுல்தான்களோடு நடந்த போரில் உயிர்விட்ட ஹொய்சள அரசர் அவர். பிள்ளையில்லாத அரசருக்குச் சுவாமியே பிள்ளையாக நின்று திதி கொடுப்பதாக ஐதீகம்.

இரண்டாவது சாட்சி பாதையில் கிடக்கிறது. இந்திரன், அக்கினி, எமன், நிருதி, வருணன், வாயு, குபேரன், ஈசானன் என்று எட்டுத் திசைக்கும் எட்டு லிங்கங்கள். இந்திர லிங்கம் ஊருக்குள் தேரடி வீதியில் கடைகளுக்கு நடுவே இருக்கிறது. குபேர லிங்கத்தின் முன்னால் பௌர்ணமிதோறும் நீளும் வரிசையை விளக்கவே வேண்டாம். இந்த எட்டுக்கும் நடுப்புள்ளி கோயிலின் கருவறை இல்லை, மலை. கோயிலை நடுவாக வைத்துத் திசை பார்த்தால் கணக்கு இடிக்கும். மலையை நடுவாக வைத்தால் ஒவ்வொன்றும் தன் திசையில் வந்து உட்காரும். மலைக்கு மேற்கே, பெரிய கோயிலுக்கு ஏறக்குறைய நேர் மறுபுறத்தில், அடி அண்ணாமலைக் கோயில் வேறு இருக்கிறது. மூலவர் கிழக்குக் கருவறைக்குள் மட்டும் இருப்பவரானால் மேற்கே ஒரு வாசல் எதற்கு?

இதற்கு வரலாறு படித்தவர்கள் சொல்லும் மறுப்பு ஒன்று உண்டு. பௌர்ணமிக்கு லட்சக்கணக்கில் கூட்டம் கூடுவது கடந்த முப்பது, முப்பத்தைந்து ஆண்டுப் பழக்கம்; பாதையோரச் சன்னதிகளில் பல பிற்காலத்தவை; கோயிலின் வழிபாட்டைப் பிற்காலத்தார் மலைமேல் ஏற்றிவிட்டார்கள் என்பது அந்த வாதம். கூட்டத்தைப் பற்றிச் சொல்வது சரி. மற்றது நிற்காது. ஏழாம் நூற்றாண்டில் சம்பந்தர் இந்தத் தலத்தைப் பாடிய பதிகங்களில் விரிவது மலைதான்: அருவி, யானை, மான், வேடர். இப்போது நிற்கும் கற்கோயிலில் கிடைக்கும் பழைய கல்வெட்டுகள் சோழர் காலத்தவை. அந்தப் பதிகங்களுக்கு ஒன்றிரண்டு நூற்றாண்டு பிந்தியவை. கோயிலின் வளர்ச்சியும் அதையே சொல்கிறது. உள்ளே போகப் போகப் பழமையும் தாழ்வும், வெளியே வர வர உயரமும் புதுமையும். வடக்கே அம்மணியம்மன் கோபுரம் ஒரு பெண் துறவி வீடு வீடாகத் தண்டிய பணத்தில் எழுந்தது. இப்படி ஆளாளுக்குச் சேர்த்துக் கட்டியதில் ஒவ்வொருவரும் ஏற்கெனவே இருந்த ஒன்றுக்குச் சட்டம் போட்டார்களே தவிர, புதிதாக ஒரு மூலவரைக் கொண்டுவந்து வைக்கவில்லை.

தீபத்தன்று இது கண்ணெதிரே நடக்கும். விடிகாலையில் கருவறையில் பரணி தீபம். மாலை ஆறு மணிக்கு, அர்த்தநாரீசுவரர் கொடிமரத்தின் முன் சில நிமிடம் மட்டும் வந்து காட்சி தருகிற அந்த நேரத்தில், உச்சியில் கொப்பரை பற்றுகிறது. அதை ஏற்றும் உரிமை பர்வதராஜ குலத்தாருக்கு. மூவாயிரம் கிலோவுக்கு மேல் நெய், ஆயிரம் மீட்டர் அளவில் காடாத் துணித் திரி, எல்லாம் ஆள் சுமையாகத்தான் மேலே போக வேண்டும். பதினொரு நாள் எரிந்த பிறகு கொப்பரை கீழே வரும். அதிலிருந்து எடுத்த மை ஆருத்ரா தரிசனத்தன்று நடராசருக்குச் சார்த்தப்பட்டுப் பக்தர்களுக்குப் பிரசாதமாகப் போகும். கோயில் விளக்கின் மையை மலைக்கு யாரும் கொண்டுபோவதில்லை. மலையின் மைதான் கோயிலுக்கு வருகிறது. மனிதர்களிலும் இதற்குச் சாட்சி உண்டு: துறவி ரமணர் 1896 செப்டம்பர் 1ஆம் தேதி இங்கே வந்தவர். 1950 ஏப்ரலில் சமாதியடையும்வரை ஐம்பத்துமூன்று ஆண்டுக்கு மேல் இந்த மலையை விட்டு அகலவில்லை. பெரிய கோயிலில் அவர் தங்கியது தொடக்கத்தில் சில மாதங்கள். விரூபாட்ச குகையிலும் கந்தாசிரமத்திலுமாக மலைச்சரிவில் கழிந்தவை இருபது ஆண்டுக்கும் மேல்.

இனி நிர்வாகத்துக்கு வருவோம். மூலவர் மலை என்றால் அவரைக் கவனிப்பது யார்? கோயில் இந்து சமய அறநிலையத் துறையிடம். காடு வனத்துறையிடம். கிரிவலச் சாலை நெடுஞ்சாலைத் துறையிடம். அடிவாரத் தெருக்கள், 2024இல் மாநகராட்சியாக உயர்ந்த நகராட்சியிடம். குளங்களில் சில கோயிலுக்கு, சில அரசுக்கு, சில ஆசிரமங்களுக்கு. சரிவில் விழும் ஒரு மழைத்துளி சமுத்திரம் ஏரியையோ ஏதாவது ஒரு தீர்த்தத்தையோ எட்டுவதற்குள் மூன்று, நான்கு இலாகாக்களின் எல்லையைத் தாண்டிவிடும். 2002இல் மத்தியத் தொல்லியல் துறை இந்தக் கோயிலைப் பாதுகாக்கப்பட்ட சின்னமாக எடுத்துக்கொள்ள அறிவிப்பு வெளியிட்டபோது ஊரே எதிர்த்தது. பிறகு அந்த அறிவிப்பு விலக்கிக்கொள்ளப்பட்டது. எதிர்த்தவர்கள் பக்கம் நியாயம் இருந்தது. ஆறுகால பூசை நடக்கிற கோயிலை அருங்காட்சியகச் சட்டத்தில் அடைக்க முடியாது. ஆனால் அந்தச் சண்டையும் பெரும்பாலும் மதிலுக்குள்ளேயே நடந்து முடிந்தது.

மதிலுக்கு வெளியே என்ன நடக்கிறது என்பதை 2024 டிசம்பர் 1 காட்டியது. ஃபெஞ்சல் புயல் கரையைக் கடந்து வலுவிழந்து, கொட்டித் தீர்த்த மழையில் அன்று மாலை மலையின் அடிவாரத்தில் வ.உ.சி. நகரில் மண்ணும் பாறையும் சரிந்து வீடுகள் மேல் விழுந்தன. ஏழு பேர் இறந்தார்கள்; அவர்களில் ஐந்து பேர் குழந்தைகள். இந்த மலையின் உடம்பு கோடிக்கணக்கான ஆண்டுப் பழமையான கெட்டிப் பாறை. அது எங்கும் போகாது. போவது அதன்மேல் இருக்கும் மெல்லிய மண்ணும், வெயிலிலும் மழையிலும் பிளந்து சரிவில் தொற்றிக்கொண்டிருக்கும் தனிப் பாறைகளும். மண் நீரைக் குடித்துக் கனக்கும், கீழே வழுவழுப்பான பாறை என்பதால் நீர் உள்ளே இறங்க வழியில்லாமல் இரண்டுக்கும் நடுவே ஓடும், பிடி தளரும். சரிவின் அடியை வெட்டிச் சமப்படுத்தியிருந்தாலோ, ஓடை போகும் வழியில் சுவர் எழுந்திருந்தாலோ தளர்ச்சி இன்னும் சீக்கிரம் வரும். அந்த ஆண்டு தீபம் டிசம்பர் 13இல். வல்லுநர்கள் மலையேறிப் பார்த்த பிறகு, கொப்பரையும் நெய்யும் சுமப்பவர்களும் பணியாளர்களும் மட்டும் மேலே போனார்கள். பக்தர்களுக்கு அனுமதி இல்லை. தீபம் வழக்கம்போல் ஆறு மணிக்கு எரிந்தது. ஏறாவிட்டாலும் வழிபாட்டுக்கு ஒரு குறையும் வரவில்லை என்பதைக் குறித்துக்கொள்ள வேண்டும்.

இந்த இடத்தில் தீர்த்தங்களைப் பற்றிக் கொஞ்சம் நின்று பேசலாம், ஏனென்றால் எல்லாரும் கும்பிட்டுவிட்டுக் கடந்துபோகிற விஷயம் அது. அக்கினி தீர்த்தம், சிம்ம தீர்த்தம், ரமணாசிரமத்தை ஒட்டிய பாலி தீர்த்தம், ஊருக்குள் தெப்பம் நடக்கும் ஐயங்குளம், மலைமேல் முலைப்பால் தீர்த்தம் என்று மலையின் மேலும் கீழும் குளங்கள். வற்றாத ஆறு ஒன்றுகூட இல்லாத வறண்ட ஊர் இது. பாறை மலையில் பெய்யும் மழை ஒரு மணி நேரத்துக்குள் அடிவாரத்துக்கு வந்துவிடும்; அங்கே பிடிக்காவிட்டால் போனது போனதுதான். மலைக்காலில் குளங்களை வைத்து ஒவ்வொன்றுக்கும் ஒரு கதையும் ஒரு முழுக்கு நாளும் கொடுத்தவர்களுக்கு இந்தக் கணக்கு தெரிந்திருக்க வேண்டும். கதை இருந்தால் குளத்தைத் தூர்க்க மனம் வராது. ஆனால் கதை காப்பது குளத்தை மட்டும். குளத்துக்கு நீர் கொண்டுவரும் ஓடைக்குக் கதை கிடையாது. அதனால் ஓடை மனையாகிறது, படிக்கட்டும் கல்மண்டபமும் மட்டும் மிஞ்சுகின்றன.

பக்தர்கள் சிலர் கேட்பார்கள்: மலை சிவன் என்றால் சிவனுக்கு நாம் என்ன காவல்? கேட்க அழகாக இருக்கிறது, நடந்தது வேறு. நாற்பது ஆண்டுக்கு முன் இந்த மலை ஏறக்குறைய மொட்டை. விறகுக்கு மரம் போனது, ஆடுமாடு மேய்ந்தது, கோடைதோறும் போதைப்புல்லில் தீ ஏறித் துளிரைத் தின்றது. 1980களின் கடைசியில் தொடங்கிய மரம் நடும் அமைப்புகளும் வனத்துறையும் கன்று வைத்தும், தண்ணீர் சுமந்து ஊற்றியும், தீத்தடுப்புக் கோடு வெட்டியும் சரிவில் மறுபடி காட்டைக் கொண்டுவந்தார்கள். கந்தாசிரமப் பாதையில் இன்று நிழலில் நடக்கிறோம் என்றால் அது மனிதக் கை செய்தது. கெடுத்ததும் மனிதக் கைதான். சாலைக்கும் இதே வழக்கு நடந்தது: 2016இல் கிரிவலப் பாதையை அகலப்படுத்த மரங்களை வெட்டத் தொடங்கியபோது விவகாரம் தேசியப் பசுமைத் தீர்ப்பாயம்வரை போய் வேலை நிறுத்தப்பட்டது. கூட்டம் வருகிறதே, இடம் வேண்டாமா என்றால், வேண்டும்தான். கழிப்பறை வேண்டும், குடிநீர் வேண்டும், உட்கார இடம் வேண்டும். அவற்றைச் சாலையின் வெளிப்பக்கம், மலைக்கு எதிர்ப்புறம் தேட முடியும். மலைப்பக்கம் ஓர் அடி எடுத்தால் திரும்பக் கொடுக்க ஆளில்லை.

உலகில் வேறு இடங்கள் இதைத் தத்தம் வழியில் தீர்த்துக்கொண்டிருக்கின்றன. கைலாயத்தை வலம் வருகிறார்கள், யாரும் ஏறுவதில்லை. ஆஸ்திரேலியாவின் உலுரு பாறையில் பழங்குடியினர் ஏறவேண்டாம் என்று நெடுங்காலம் கேட்டுக்கொண்டார்கள். 2019 அக்டோபரில் ஏற்றம் சட்டப்படி மூடப்பட்டது. இலங்கையின் சிவனொளிபாத மலையிலோ ஏறுவதே வழிபாடு. அண்ணாமலை இரண்டுக்கும் நடுவில். இங்கே வலம் வருவது எல்லாருக்குமான வழி. உச்சிக்குப் போவது தீபத்தை ஒட்டிய கடமை. அந்தப் பழைய பிரிவினையை அப்படியே சட்டமாக்கினால் பாதிச் சிக்கல் தீரும்.

கடினமான மறுப்பு கடைசியில்தான் வருகிறது, ஏனென்றால் அதைச் சொல்பவர்கள் சரிவில் குடியிருக்கிறார்கள். முப்பது, நாற்பது வருடமாக இருக்கிறோம், மின் இணைப்பு கொடுத்தீர்கள், வீட்டுவரி வாங்கினீர்கள், தெருவுக்குப் பெயர் வைத்தீர்கள், ஓட்டுக் கேட்டு வந்தீர்கள், இன்று ஆக்கிரமிப்பு என்கிறீர்களே என்று அவர்கள் கேட்டால் எந்த இலாகாவிடமும் நேர்மையான பதில் இல்லை. மலையின் பெயரைச் சொல்லி ஏழைகளை விரட்டிவிட்டு, அடிவாரத்தில் விடுதிகளுக்கும் மனைப்பிரிவுகளுக்கும் அனுமதி கொடுப்பது மூலவருக்குச் செய்யும் மரியாதை ஆகாது. முதலில் வேண்டியது ஒரே வரைபடம்: மலையிலிருந்து இறங்கும் ஒவ்வோர் ஓடையும், ஒவ்வொரு தீர்த்தமும், தொற்றி நிற்கும் பாறைகளும், அவற்றின் பாதையில் உள்ள வீடுகளும் ஓட்டல்களும் ஆசிரமங்களும் வேறுபாடில்லாமல் குறிக்கப்பட்ட வரைபடம். அதில் ஆபத்து என்று சிவப்பில் விழும் வீடுகளுக்கு மாற்று மனை ஊருக்குள்ளேயே கிடைக்க வேண்டும். பூ கட்டுவதும் வண்டிக்கடை போடுவதும் கிரிவலப் பாதையை நம்பிய பிழைப்பு. பதினைந்து கிலோமீட்டர் தள்ளி அடுக்குமாடி கொடுத்தால் அடுத்த பௌர்ணமிக்குள் சரிவில் மறுபடி தகரக் கூரை முளைக்கும். சிவப்பில் விழும் பெரிய கட்டடங்களிலிருந்து வேலையைத் தொடங்கினால், வீடு மாறச் சொல்கிற அதிகாரியின் பேச்சைத் தெருவில் நின்று கேட்கவாவது ஆள் இருப்பார்கள்.