காருக்கு அடியில் ஒரு குற்றாலம்

பாவூர்சத்திரத்திலிருந்து ஒரு பள்ளி ஆசிரியை எழுதியிருக்கிறார். கார் ஓட்டக் கற்று இரண்டு வருஷம் ஆகிறதாம். போன குற்றாலச் சீசனில் அக்கா, தங்கச்சி, பிள்ளைகள் என்று ஏழு பேரை ஏற்றிக்கொண்டு ஐந்தருவிக்குப் போயிருக்கிறார் (ஐந்து பேர் வண்டிதான், அந்த வழக்கை இன்னொரு நாள் வைத்துக்கொள்வோம்). குளித்து முடித்து, ஈரத்தலையும் ஈரத்துண்டுமாக எல்லோரும் ஏறினார்கள். சின்னவள் நடுங்குகிறாள் என்று ஏசியை அணைத்தார். சாரல் உள்ளே அடிக்கிறது என்று கண்ணாடிகளை ஏற்றினார். மேலகரம் வருவதற்குள் முன்கண்ணாடி பால் ஊற்றியதுபோல் வெளுத்துவிட்டது. கையால் துடைத்தார், மறுபடி வெளுத்தது. ஓரம்கட்டி நின்றபோது பின்னால் வந்த ஒரு பெரியவர் எட்டிப் பார்த்து, "டிரைவரக் கூட்டிட்டு வரலயாம்மா?" என்று கேட்டுவிட்டுப் போனாராம்.

மறுநாள் ஏசி போட்டுப் பள்ளிக்குப் போய் நிறுத்தினால், வண்டிக்கு அடியில் தண்ணீர் தேங்கியிருக்கிறது. முந்தைய நாள் பயம் இன்னும் போகவில்லை. நேரே ஒரு பட்டறைக்கு ஓட்டிப்போய்விட்டார். அங்கே குனிந்துகூடப் பார்க்காமல் "ரேடியேட்டர் லீக்கு மேடம், ஏசியில கேஸும் இருக்காது" என்று எஸ்டிமேட் எழுதிக் கொடுத்திருக்கிறார்கள். அந்தத் தாள் கையில் இருக்க, அவர் கேட்கும் கேள்வி இது: கண்ணாடி வெளுத்ததும் தண்ணீர் சொட்டியதும் ஒரே கோளாறா, வேறு வேறா?

ஒரே சங்கதிதான் டீச்சர். ஆனால் கோளாறு இல்லை. காற்றில் இருக்கும் ஈரம் எங்கேயாவது ஓரிடத்தில் தண்ணீராக இறங்கத்தான் செய்யும். முதல் நாள் அது கண்ணாடியில் இறங்கியது. மறுநாள், இறங்கவேண்டிய இடத்தில் ஒழுங்காக இறங்கியது.

குளிர்ந்த செம்புக்கு வேர்ப்பது ஏன் என்று பள்ளியில் படித்ததைத் திரும்பச் சொல்லி நேரத்தை வீணாக்கப் போவதில்லை. எனக்குப் பிடித்தது கணக்கு. 26 டிகிரி வெப்பத்தில் ஒரு கனமீட்டர் காற்று ஏறக்குறைய 24 கிராம் நீராவியைத் தாங்கும். அதே காற்றை 5 டிகிரிக்குக் குளிரவைத்தால் 7 கிராம்தான் தாங்கும். மிச்சம் 17 கிராம், அதாவது ஒரு மேசைக்கரண்டிக்குக் கொஞ்சம் மேலே, தண்ணீராக உதிர்ந்தே ஆகவேண்டும். இந்தக் குளிரவைக்கும் வேலையைச் செய்வது டேஷ்போர்டுக்குப் பின்னால் ஒளிந்திருக்கும் ஏவாப்பரேட்டர். அடுக்கடுக்கான அலுமினியத் தகடுகளுக்கு நடுவே கேஸ் ஓடும் ஒரு சின்னப் பெட்டி, அவ்வளவுதான். பனிக்கட்டி பிடித்துவிடாதபடி பூஜ்யம் டிகிரிக்குச் சற்று மேலேயே அதை வைத்திருப்பார்கள். சீசன் காற்றில் ஏசி போட்டு ஓட்டினால் மேசைக்கரண்டி மேசைக்கரண்டியாகச் சேர்ந்து, ஒரு மணி நேரத்தில் லிட்டர் கணக்கில்கூடச் சொட்டலாம். அதை வெளியே விட ஒரு ரப்பர்க் குழாய் உண்டு. பெரும்பாலான கார்களில் இடப்பக்க முன்னிருக்கைக்காரரின் காலுக்குக் கீழே அது போய் முடியும்.

இப்போது ஏழு பேரையும் காருக்குள் ஏற்றுங்கள். மூச்சில் ஈரம், தலையில் ஈரம், ஆளுக்கொரு துண்டு. துண்டு ஒன்றில் அரை லிட்டர் என்றாலும் காருக்குள் மூன்றரை லிட்டர் தண்ணீர் காய்ந்துகொண்டிருக்கிறது. வெளியே சாரலும் காற்றும் அடித்துக் கண்ணாடி குளிர்ந்திருக்கிறது. ஏவாப்பரேட்டரை அணைத்தாயிற்று. அந்த உத்தியோகத்தைக் கண்ணாடி ஏற்றுக்கொண்டது. காலியிடம் நிரப்பப்பட்டது, அவ்வளவுதான்.

டீச்சர் செய்திருக்க வேண்டியது ஏசியை அணைப்பதற்குப் பதில் இரண்டு வேலை. ஏசியை ஓடவிட்டே வெப்பநிலைத் திருகை நீலத்திலிருந்து சிவப்புப் பக்கம் திருப்புவது ஒன்று. காற்றை முன்கண்ணாடி பக்கம் திருப்பி, காருக்குள் வளைந்த அம்புக்குறி போட்ட பொத்தானை அணைத்து வெளிக்காற்றை உள்ளே விடுவது இன்னொன்று. "ஏசியும் ஹீட்டரும் ஒண்ணாப் போட்டா வண்டி கெட்டுப்போகும்" என்று நம் ஊரில் ஒரு சாஸ்திரம் இருக்கிறது. எந்த வண்டியும் கெடாது. ஹீட்டருக்கான சூடு எஞ்சினைச் சுற்றி வரும் கூலண்டிலிருந்து சும்மா கிடைப்பது. 5 டிகிரியில் ஈரத்தை உதறிவிட்ட காற்றை அந்தச் சூட்டில் மறுபடி 26 டிகிரிக்குக் கொண்டுவந்தால், அதன் ஈரப்பதம் 30 சதவீதத்துக்கும் கீழே போய்விடுகிறது. தாகமெடுத்த காற்று. கண்ணாடியில் இருப்பதை ஒரு நிமிஷத்தில் உறிஞ்சிவிடும்.

குளிரவை, பிழி, சூடாக்கு. இந்த மூன்று படியும் எங்கோ பார்த்ததுபோல் இருக்கிறதா? தென்காசிக்காரர்கள் பிறந்ததிலிருந்து பார்த்துக்கொண்டிருப்பதுதான். தென்மேற்குக் காற்று கொல்லம் பக்கத்திலிருந்து ஈரத்தைச் சுமந்துகொண்டு மேற்குத் தொடர்ச்சி மலையில் ஏறுகிறது. ஏற ஏறக் குளிர்கிறது, கொட்டுகிறது. ஆரியங்காவுக் கணவாய் வழியே பிதுங்கி வரும் மிச்சம் நமக்குச் சாரல். பிறகு அதே காற்று கீழே இறங்கி, அழுத்தம் கூடிச் சூடாகி, சங்கரன்கோவில் பக்கம் போகும்போது துணி உலர்த்துவதற்கு மட்டும் லாயக்கான வறண்ட காற்றாகிவிடுகிறது. ஆக, மலை ஏவாப்பரேட்டர், சங்கரன்கோவில் ஹீட்டர், தென்மேற்குக் காற்று ப்ளோயர், தென்மலைக் காடு கேபின் ஃபில்டர். மலையில் விழுந்த தண்ணீரைச் சுமந்துபோய்ச் சீவலப்பேரிக்கு அருகே தாமிரபரணியில் விடும் சிற்றாறுதான் அந்த ரப்பர்க் குழாய். பிரானூர் பார்டர் பரோட்டாக் கடைகளுக்கு இந்தப் படத்தில் என்ன வேலை என்று யோசித்துப் பார்த்தேன், ஒன்றும் அகப்படவில்லை. நிறுத்திக்கொள்கிறேன்.

ஆனால் சிற்றாற்றை விடமுடியாது. அது அடைத்தால் ஊருக்குள் வெள்ளம். குழாய் அடைத்தாலும் அப்படித்தான். தூசி, சருகுத் துணுக்கு, சில சமயம் குளவி கட்டிய மண்கூடு என்று ஏதாவது அடைத்துக்கொள்ளும். அப்போது தண்ணீர் காருக்குள் வழியும். இடப்பக்கக் கால்மிதி காரணமில்லாமல் நனையும், வளைவில் திரும்பினால் டேஷ்போர்டுக்குள் சளக் சளக்கென்று சத்தம் வரும், நாலு நாளில் மழையில் ஊறிய சாக்கு வாடை அடிக்கும். பயப்படவேண்டியது அந்த வாடைக்குத்தான். சீசன் நாளில் ஏசி போட்டு அரை மணி ஓட்டியும் அடியில் ஒரு சொட்டுக்கூட இல்லையென்றால் அப்போது பட்டறைக்குப் போங்கள். சொட்டினால் பேசாமல் இருங்கள்.

சரித்திரம் எழுதாவிட்டால் ஆசிரியர் குழு விடாது. ஏசி பிறந்ததே குளிருக்காக இல்லை. 1902இல் நியூயார்க்கின் புரூக்ளினில் ஓர் அச்சகத்தில், ஈரக்காற்றில் காகிதம் உப்பி வண்ணங்கள் ஒன்றன்மேல் ஒன்று பொருந்தாமல் போன தொல்லையைத் தீர்க்க வில்லிஸ் கேரியர் என்ற இளம் பொறியாளர் காற்றின் ஈரத்தைப் பிழியும் எந்திரத்தை வரைந்தார். சிவகாசிக் காலண்டர்க்காரர்களுக்கு இந்த வலி விளக்கம் இல்லாமலே புரியும். குளிர்ச்சி கூடவே வந்த கொசுறு. கண்ணாடியின் வெளிப்பக்கத்தைத் துடைக்கும் வைப்பருக்கு 1903இல் காப்புரிமை பெற்றவர் அலபாமாவைச் சேர்ந்த மேரி ஆண்டர்சன் என்ற பெண். நியூயார்க்கில் பனிமழை நாளொன்றில், டிராம் ஓட்டுநர் கண்ணாடியைத் திறந்துவைத்துக்கொண்டு முகமெல்லாம் நனைந்து ஓட்டுவதைப் பார்த்து அவருக்குத் தோன்றிய யோசனை. வாங்குவதற்கு ஆள் கிடைக்கவில்லை. காப்புரிமை காலாவதியான பிறகுதான் எல்லாக் காரிலும் வைப்பர் வந்தது. டிரைவர் எங்கே என்று கேட்ட பெரியவருக்கு இன்னொரு செய்தி: கன்னியாகுமரி மாவட்டத்தின் வசந்தகுமாரி 1993இலேயே அரசுப் பேருந்து ஓட்ட ஆரம்பித்துவிட்டார்.

வைப்பரை ஏன் இழுத்தேன் என்றால், கண்ணாடி வெளுப்பதில் இரண்டு ஜாதி உண்டு. இது தெரியாமல் நானே அசிங்கப்பட்ட கதை உண்டு. கொல்லத்திலிருந்து திரும்பிக்கொண்டிருந்தோம். மதினிதான் ஓட்டினார். நான் பக்கத்தில் உட்கார்ந்து அறிவியல் சொல்லிக்கொண்டு வந்தேன். கோட்டைவாசல் தாண்டி, புளியரை எஸ் வளைவில் இறங்கும்போது கண்ணாடி மங்கியது. நான் உடனே ஏசியை முழுசாகக் கூட்டி முன்கண்ணாடி பக்கம் திருப்பினேன். இன்னும் மங்கியது. இன்னும் கூட்டினேன். "தம்பி, மொதல்ல கண்ணாடியத் தொட்டுப் பாருங்க" என்றார் மதினி. உள்ளே விரலை வைத்து இழுத்தேன். கோடு விழவில்லை. விரலும் காய்ந்திருந்தது. மதினி வைப்பரை ஒரு தட்டுத் தட்டினார். பளிச்சென்று ஆகிவிட்டது. பிரானூர் வரைக்கும் நான் வாயைத் திறக்கவில்லை.

நடந்தது இது. மலையில் வெளிக்காற்று ஈரத்தால் நிறைந்து தளும்பிக்கொண்டிருந்தது. நான் உள்ளிருந்து குளிர்காற்றை அடித்துக் கண்ணாடியையே குளிர்ந்த செம்பாக்கிவிட்டேன்; வெளிக்காற்று அதன்மேல் வேர்த்தது. ஆகவே சோதனைக் கருவி ஆள்காட்டி விரல்தான். உள்ளே கோடு விழுந்தால் ஈரம் உள்ளே: ஏசி வேண்டும். விழாவிட்டால் ஈரம் வெளியே: வைப்பர் போட்டு, குளிர்காற்றைக் கண்ணாடியிலிருந்து காலுக்குத் திருப்ப வேண்டும். தப்பாகப் பிடித்தால் வைத்தியமே வியாதியாகும்.

உள்ளங்கையால் துடைப்பது ஏன் பயன்படாது என்பதும் சுவாரசியம்தான். சுத்தமான கண்ணாடியில் தண்ணீர் பரவி மெல்லிய ஏடாகப் படியும். அதன் ஊடே பார்க்கலாம். கையின் எண்ணெய்ப் பிசுக்கு பட்ட இடத்தில் பரவாமல் குட்டிக் குட்டி முத்துகளாக நிற்கும். ஒவ்வொரு முத்தும் வெளிச்சத்தை ஒவ்வொரு பக்கம் சிதறடிப்பதால்தான் வெள்ளையாகத் தெரிகிறது. அருவிக்குப் போகிறவர்கள் உடம்பு முழுக்க நல்லெண்ணெய் தேய்த்துக்கொண்டு போவது வேறு முன்பெல்லாம் வழக்கம். அந்தக் கையால் கண்ணாடியைத் துடைத்தால் என்ன ஆகும் என்று சொல்லத் தேவையில்லை. கிளம்புமுன் உள்பக்கத்தைச் சோப்புத் தண்ணீரில் துடைத்துக் காயவிட்டால் பாதித் தொல்லை தீரும். கண்ணாடி மங்காது என்று விற்கும் ஸ்ப்ரேக்கள் பலவும் செய்வது இதே சோப்பு வேலைதான். சில நாளில் போய்விடும். மகளிர் தினத்துக்கு மகளிர் தினம் ரோஜா நிறப் பெட்டியில் வரும் 'பெண்களுக்கான கார் கிட்' ஒன்றைப் பிரித்துப் பார்த்தேன்: ஒரு துணி, ஒரு வாசனைப் புட்டி, ஒரு ஸ்ப்ரே. ஸ்பேனர் ஒன்றுகூட இல்லை.

கேஸ் விஷயம் மிச்சமிருக்கிறது. ஏசி கேஸ் பெட்ரோல் மாதிரி எரிந்து தீர்வதில்லை. மூடிய வளையத்துக்குள் சுற்றிக்கொண்டே இருப்பது; ரப்பர் ஹோஸ் வழியாக வருஷக்கணக்கில் துளித்துளியாகக் கசியலாம், அவ்வளவே. வருஷாவருஷம் அடிக்கவேண்டி வந்தால் எங்கோ ஓட்டை இருக்கிறது. அதை அடைக்காமல் கேஸ் அடிப்பது ஓட்டைக் குடத்தில் நீர் எடுப்பது. அடியில் தண்ணீர் சொட்டுகிறதென்றால் ஏவாப்பரேட்டர் குளிர்கிறது. குளிர்கிறதென்றால் உள்ளே கேஸ் இருக்கிறது. டீச்சரின் பட்டறைக்காரர் கண்ணெதிரே சாட்சி சொட்டிக்கொண்டிருக்கும்போதே கேஸ் இல்லை என்று எழுதியிருக்கிறார்! காற்று மட்டும் மெதுவாக வருகிறதென்றால் கேபின் ஃபில்டரைப் பாருங்கள். பல கார்களில் இடப்பக்கத்து கிளவ் பாக்ஸைக் கழற்றினால் பின்னால் இருக்கும், கையாலேயே உருவலாம். என் வண்டியில் உருவியபோது வேப்பிலைக் காம்பு, ஒரு குருவி இறகு, ஆலங்குளம் ரோட்டுப் புழுதி ஒரு பிடி எல்லாம் வந்தன.

ரேடியேட்டர் லீக் என்ற சந்தேகத்தை மட்டும் லேசாக விடக்கூடாது. காலையில் எஞ்சின் நன்றாக ஆறியிருக்கும்போது பானெட்டைத் திறந்து கூலண்ட் டப்பாவைப் பாருங்கள். மட்டம் இரண்டு கோடுகளுக்கு நடுவே நிற்கிறதா என்று பார்த்தால் போதும். சூடாக இருக்கும்போது ரேடியேட்டர் மூடியில் கை வைக்கவே கூடாது. உள்ளே அழுத்தத்தில் கொதிநீர் காத்திருக்கும்.

பிறகு அடியில் சொட்டுவதைப் பார்க்கவேண்டும். பட்டறையில் கொடுத்த எஸ்டிமேட்டின் பின்பக்கம் வெள்ளையாகத்தானே இருக்கும், டீச்சர்? ஏசி போட்டு ஓட்டிவந்து நிறுத்தியதும் அந்தத் தாளைக் கவிழ்த்து, சொட்டு விழும் இடத்தில் வைத்துவிட்டுப் பத்து நிமிஷம் கழித்துக் குனிந்து எடுங்கள். பச்சையோ சிவப்போ தெரிந்து, தொட்டால் வழவழத்து, லேசான தித்திப்பு வாடை வந்தால் கூலண்ட். பட்டறைக்காரர் சொன்னது நிஜம். கறுப்பாகப் பிசுபிசுத்தால் எஞ்சின் ஆயில். சக்கரத்துக்குப் பக்கத்தில் எண்ணெய்போல் மஞ்சளாக இருந்தால் பிரேக் ஆயில். வண்டியை எடுக்கவே வேண்டாம், மெக்கானிக்கை வீட்டுக்கு வரச்சொல்லுங்கள். நிறமும் வாடையும் இல்லாமல் தாள் வெறுமனே நனைந்திருந்தால், அதைக் கொடியில் காயப்போட்டுவிடுங்கள். சங்கரன்கோவில் பக்கம் என்றால் சீக்கிரம் காயும்.