மலையின் பழைய வடு: எடோர்டோ செமென்சாவின் நிலச்சரிவு ஆய்வுப்பணி

முன்னுரை

மலையை அசைவற்றதெனக் கருதுவது மனித இயல்பு. ஆயின், மலைச்சரிவுகள் காலந்தோறும் நழுவியும் பெயர்ந்தும் வருகின்றன என்பது நிலவியலார் கண்ட உண்மையாகும். அப்பெயர்ச்சியின் அடையாளங்களை ஆராய்ந்து, வரவிருக்கும் கேட்டினை முன்னரே உணர்த்துவது நிலச்சரிவு ஆய்வாளரின் பணி. அப்பணியின் அருமையையும் அதற்குள்ள எல்லையையும் இத்தாலி நாட்டு நிலவியலறிஞர் எடோர்டோ செமென்சாவின் (1927-2002) வாழ்வு ஒருங்கே காட்டுகின்றது. அதனை எடுத்துரைப்பதே இக்கட்டுரையின் நோக்கம்.

தந்தை வடித்த அணை

இத்தாலியின் வடகிழக்கில், ஆல்ப்ஸ் மலைப்பகுதியில், வயோந்த் என்னும் சிற்றாறு ஆழ்ந்த பள்ளத்தாக்கின் வழியே ஓடிப் பியாவே ஆற்றில் கலக்கின்றது. மின்னாற்றல் பெறும்பொருட்டுச் சாடே என்னும் நிறுவனம் அப்பள்ளத்தாக்கின் குறுக்கே ஏறத்தாழ 262 மீட்டர் உயரமுள்ள வளைவு அணையை எழுப்பிற்று. அதனை வடிவமைத்த பொறியாளர் கார்லோ செமென்சா. எடோர்டோவின் தந்தை அவரே.

அணை உறுதியாயிருந்தால் மட்டும் போதாது. நீர் தேங்கும் கரைகளும் உறுதியாயிருத்தல் வேண்டும். எனவே கரைகளை விரிவாக ஆராயவேண்டுமென ஆஸ்திரிய அறிஞர் லியோபோல்டு முல்லர் 1959இல் வற்புறுத்தினார். அப்பொறுப்பு, முப்பதைக் கடந்த இளைஞரான எடோர்டோவிடம் ஒப்படைக்கப்பட்டது.

பாறை கூறிய சான்று

தென்கரையில் நிற்பது தோக் என்னும் மலை. வட்டார வழக்கில் 'அழுகியது', 'ஊறியது' எனப் பொருள்படும் சொல்லோடு அப்பெயரைத் தொடர்புபடுத்துவர். எடோர்டோ அம்மலையடிவாரமெங்கும் நடந்து பாறைகளை நோக்கினார். வடகரையில் தனித்து நின்ற ஒரு குன்றின் பாறையடுக்குகள் தென்கரை மலையின் அடுக்குகளோடு ஒத்திருந்தன. அக்குன்றின் அடியில் நொறுங்கிய பாறைத்துகள் காணப்பட்டது. இவற்றைக்கொண்டு அவர் ஒரு முடிவுக்கு வந்தார்: தொன்மைக் காலத்தில் தோக் மலையின் ஒரு பகுதி சரிந்து எதிர்க்கரையை முட்டிற்று, பின்னர் ஆறு அச்சரிவின் ஊடே புதுவழி அறுத்துக்கொண்டது, எஞ்சிய துண்டே வடகரைக் குன்று. தென்கரையிலுள்ள பெரும்பகுதியோ, ஏறத்தாழ 2 கிலோமீட்டர் நீளத்திற்கு, இன்னும் சரிவின்மீதே தங்கியுள்ளது. நீர் தேங்கினால் அது மீண்டும் நகரக்கூடும்.

அந்நாளில் பெரும்புகழ் பெற்றிருந்த நிலவியலறிஞர் ஜியோர்ஜியோ தால் பியாஸ் இக்கருத்தை ஏற்கவில்லை. அறிக்கையை அம்மூத்தவரிடம் காட்டுமாறும், அவரோடு உரையாடியபின் சில கூற்றுகளைச் சற்றே தணித்தால் தவறில்லை என்றும் தந்தை மகனுக்கு எழுதினார். மகனின் நிலையோ எளிதன்று: ஒருபுறம் தந்தையின் வாழ்நாட்பணி, மறுபுறம் பாறை கூறும் சான்று. 1960 ஜூன் மாதம் பிராங்கோ ஜியூதிச்சியுடன் அவர் அளித்த அறிக்கையில் பழஞ்சரிவு பற்றிய முடிவு இடம்பெற்றிருந்தது.

எச்சரிக்கையும் பேரழிவும்

அவ்வாண்டு இறுதியில் மலையில் ஏறத்தாழ 2 கிலோமீட்டர் நீள வெடிப்பு தோன்றிற்று. நவம்பர் 4ஆம் நாள் 7 இலட்சம் கன மீட்டர் பாறை ஏரியில் விழுந்தது. பொறியாளர்கள் வாளாவிருக்கவில்லை. சரிவு ஏரியை இரண்டாகப் பிரித்தாலும் நீர் செல்ல மாற்றுச் சுரங்கம் அமைத்தனர். நீர்மட்டத்தைக் கூட்டியும் குறைத்தும் மலையின் நகர்வைக் கட்டுப்படுத்த முயன்றனர். சரளைக் கற்களைக்கொண்டு செய்த மாதிரிச் சோதனையின் வாயிலாக, கடல்மட்டத்திலிருந்து 700 மீட்டர் வரையிலான நீர்மட்டம் தீங்கற்றது எனக் கருதினர். மலை மெல்லவே நகரும் என்பது அவர்தம் நம்பிக்கை. கார்லோ செமென்சா 1961 அக்டோபரில் மறைந்தார்.

1963 அக்டோபர் 9ஆம் நாள் இரவு 10.39 மணிக்கு ஏறத்தாழ 27 கோடி கன மீட்டர் பாறை ஒரு நிமிடத்திற்குள் சரிந்து ஏரியை நிரப்பிற்று. மேலெழுந்த நீர் அணையைத் தாண்டிப் பாய்ந்து லோங்கரோனே என்னும் ஊரையும் அருகிலிருந்த சிற்றூர்களையும் துடைத்தெறிந்தது. மாண்டோர் ஏறத்தாழ 2,000 பேர். அணையோ உடையவில்லை, இன்றும் நிற்கின்றது.

பிற்காலப் பணி

எடோர்டோ இத்துறையினின்று விலகவில்லை. டானியேலே ரோசியுடன் சேர்ந்து, சரிவுக்கு முன்னும் பின்னுமான நிலவியல் வரைபடங்களை 1965இல் வெளியிட்டார். பெராரா பல்கலைக்கழகத்தில் பேராசிரியராகப் பணியாற்றினார். ஹென்ட்ரன், பாட்டன் என்னும் அறிஞர்கள் 1985இல் வெளியிட்ட விரிவான ஆய்வு, பழஞ்சரிவே மீண்டும் நகர்ந்தது என்னும் அவர் கருத்தை வலியுறுத்திற்று. சுண்ணப் பாறைகளுக்கிடையே இருந்த மெல்லிய களிமண் படலங்களே வழுக்குதளமாயின என்பதையும் அவ்வாய்வு காட்டிற்று. தாம் கண்டவற்றை எடோர்டோ 2001இல் நூலாக்கினார். அடுத்த ஆண்டு மறைந்தார்.

நிறைவுரை

மலை சரியும் என அறிந்தபின்னும் அது எவ்வளவு விரைவாகச் சரியும் என்பதை உணராமையால் இத்தனை உயிர்கள் மாய்ந்தன. அரைகுறை அறிவு தரும் துணிவு அறியாமையினும் கொடியது என்பதற்கு வயோந்த் சான்றாகும். ஆய்வாளன் கண்டதைக் குறையாது கூறல் வேண்டும். கேட்போர் அதனைத் தம் திட்டத்திற்கேற்பச் சுருக்காது ஏற்றல் வேண்டும். இவ்விரண்டும் கூடியவிடத்தே அறிவியல் உயிர்காக்கும் கல்வியாகின்றது. எத்துறை பயிலும் மாணவரும் நெஞ்சில் கொள்ளத்தக்க பாடம் இது.